அம்மான் செய்யும் வண்டில் சில்லை எப்படிப் படம் பிடிப்பது?

வீடியோக்கடை (புதுக்குடியிருப்பு):

வணக்கம். நான் கலியாண வீடு, சாமத்திய வீடு எடுக்கிற வீடியோக்காரன். பன்னிரண்டு வருடமாக இதுதான் சோறு போடுகிறது. ஆவணப்படம் என்று ஒன்றும் எடுத்ததில்லை. அதனால் கேள்வி சின்னப்பிள்ளைத்தனமாக இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

முல்லைத்தீவு மாவட்டத்தில், ஒட்டுசுட்டானுக்கு அங்கால் என் அம்மான் இருக்கிறார். அம்மாவுக்கு மூத்தவர், வயது எழுபத்தெட்டு. ஒரு காலத்தில் வண்டில் சில்லுக்கென்று முள்ளியவளை, தண்ணீரூற்று, நெடுங்கேணிப் பக்கத்துச் சனம் அவரிடம்தான் வரும். வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கல் கிட்டினால் பட்டறைக்குள் இடமில்லாமல் சில்லுகளை வேலியோடு சாய்த்து வைத்திருப்பார்கள் என்று அம்மா சொல்லுவா. பொங்கலுக்கு வண்டில் கட்டிப் போன காலம் அது. பிறகு லாண்ட்மாஸ்டர் என்ற இருசில்லு உழவு மெசின் வந்தது, பெட்டி பூட்டினால் பத்து வண்டில் வேலை செய்யும், அம்மானின் பட்டறையில் ஆள் குறைந்தது. ஆனால் 90களில் வன்னிக்குள் எரிபொருள் தடை வந்தபோது திரும்பவும் வண்டிலுக்கு மவுசு. மோட்டார் சைக்கிளை மண்ணெண்ணெயில் ஓட்டின நாட்கள் உங்களில் பலருக்கு ஞாபகம் இருக்கும். 1995 இல் யாழ்ப்பாணத்திலிருந்து சனம் வந்து சேர்ந்தபோது அம்மான் இரவிலும் அரிக்கன் லாம்பு வைத்துச் சில்லுச் செய்தாராம். அவருடைய கடைசி நல்ல காலம் அதுதான்.

2009 இல் வாச்சி, உளி, துறப்பணம் எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்தவர். திரும்பிப் போனபோது பட்டறை இருந்த இடத்தில் நாயுண்ணிப் பற்றை. பிறகு யாரோ கொடுத்த தச்சுப்பெட்டி ஒன்றை வைத்துக்கொண்டு கதவுநிலை, யன்னல், மேசை என்று பிழைத்தார். சில்லு இல்லை. அப்படியே போயிருக்கும். இந்த வருடம் வெளிநாட்டிலிருந்து வந்த ஒருவர், புது வீட்டு வாசல் மதிலில் அழகுக்கு வைக்க ஒரு சில்லு வேணும் என்று கேட்டு வந்தார். அம்மான் கேட்டது ஒரே ஒரு கேள்வி: "மற்றச் சில்லு எங்க?" ஒன்று போதும் என்றார் வந்தவர். "ஒற்றைச் சில்லு நான் செய்யிறேல்ல. ஓடுற சோடியெண்டால் செய்வன்." இரண்டாவதன் காசை நான் தருகிறேன் என்று சொல்லித்தான் அவரைச் சம்மதிக்க வைத்தேன். வீட்டில் இன்னும் சொல்லவில்லை.

தெரியாதவர்களுக்கு: ஒரு சில்லுக்கு நடுவில் குடம் ஒன்று, ஆரக்கால் பன்னிரண்டு, சுற்றிவர வட்டைத் துண்டு ஆறு. ஒரு வட்டைக்கு இரண்டு ஆரக்கால். இவ்வளவையும் ஆணி இல்லாமல் பொருத்தி, வெளியே இரும்பு வளையத்தைப் பழுக்கக் காய்ச்சிப் போட்டுத் தண்ணீர் ஊற்றினால், வளையம் சுருங்கி எல்லாவற்றையும் இறுக்கிப் பிடிக்கும். குடத்துக்கு முதிரைதான் வேணும் என்று நின்றார். முதிரை தறிக்க அனுமதி, ஏற்றிவர அனுமதி என்று அலைய வேண்டியிருக்கும் என்பதால், இடிந்த வீடு ஒன்றின் தூண் இரண்டை விலைக்கு வாங்கினோம். நாற்பது வருடம் காய்ந்த மரம். அதைத் தட்டிப் பார்த்துவிட்டு அவர் சிரித்த சிரிப்பை நான் எடுக்கவில்லை. கமரா காருக்குள் இருந்தது.

இனி என் பிரச்சினை. முதல் நாள் எனக்குத் தெரிந்த மாதிரி எடுத்தேன். கமராவை ஆட்டமில்லாமல் பிடிக்கிற தாங்கியோடு அவரைச் சுற்றி நடந்தேன். வாச்சியால் செதுக்கும்போது மரச்சீவல் பறப்பதை மெதுவாக ஓடவிட்டேன். பின்னால் வெயில், முகத்தில் ஒரு ஒளிக்கோடு. இரவே வெட்டி ஒட்டி, வயலின் இசை போட்டு நான்கு நிமிடத்துக்கு ஒரு துண்டு. என் கலியாண வீடியோ எல்லாவற்றையும்விட நன்றாக வந்தது, பொய் சொல்லவில்லை. அடுத்த நாள் லப்டொப்பில் போட்டுக் காட்டினேன். இரண்டு தரம் பார்த்தார். பிறகு சொன்னார்: "வடிவாத்தான் இருக்கு. ஆனா இதைப் பாத்து ஒருத்தனும் சில்லுச் செய்ய ஏலாது."

அந்தச் சொல் மண்டைக்குள் நிற்கிறது. பார்த்துச் செய்யக்கூடிய மாதிரி எடுப்பது எப்படி?

இன்னும் சில சிக்கல். வேலை செய்யும்போது கேள்வி கேட்டால் கை நின்றுவிடுகிறது. எழும்பி நின்று என்னைப் பார்த்துப் பாடம் எடுக்கத் தொடங்கிவிடுகிறார். கேட்காவிட்டால் ஒரு வார்த்தையும் வராது. அப்புறம் மாமி. நான் போவதற்கு முன் முற்றம் கூட்டி, நீலப் பிளாஸ்ரிக் பீப்பாவையும் கதிரையையும் பின்னால் ஒளித்து, அம்மானுக்கு வெள்ளை வேட்டி கட்டிவிடுகிறா. அவர் வேலை செய்வது சாரத்தோடும், உரம் விற்கிறவர்கள் கொடுத்த ரீசேட்டோடும். எது சரி? ஆவணியில் அவருக்குக் கண் ஒப்பரேசன். அதற்கு முன் முடிக்க வேணும். சோளகக் காற்று வேறு தொடங்கிவிட்டது, மைக்கில் ஒரே இரைச்சல்.


பாலைப்பழம் (ரொறொன்ரோ):

தம்பி, வாசிக்கும்போதே கண் கலங்கிவிட்டது. நான் முள்ளியவளை. எங்கள் அப்பப்பாவிடம் வண்டில் இருந்தது. பாலைப்பழக் காலத்தில் காட்டுக்குள் போய் வாளி வாளியாகப் பழம் சேர்த்துக்கொண்டு வரும்போது, வாயெல்லாம் பால் ஒட்டிப் பிசின் பிடித்துக் கிடக்கும், சில்லு கிறீச்சிட்டுக்கொண்டே வரும். அந்தச் சத்தம் இன்றைக்கும் காதில் இருக்கிறது.

என் அபிப்பிராயம், மாமி செய்வதுதான் சரி. பீப்பா, பிளாஸ்ரிக் கதிரை, அந்த ரீசேட் ஒன்றும் வேண்டாம். கிடுகுக் கொட்டில் ஒன்றின் முன்னால் வைத்து எடுங்கோ. இரண்டு நல்ல நாம்பன் பக்கத்தில் கட்டிவிடுங்கோ. ட்ரோன் இருந்தால் குளத்துக்கு மேலால் ஏற்றி, வயல், காடு எல்லாம் காட்டிக்கொண்டு வந்து பட்டறையில் இறக்குங்கோ. எங்கள் பிள்ளைகள் பார்க்க வேணும், தம்பி. அவர்களுக்கு வன்னி என்றால் யுத்த வீடியோதான் தெரியும். செலவுக்கு ஏதும் தேவையென்றால் சொல்லுங்கோ, நாங்கள் நாலைந்து பேர் சேர்ந்து அனுப்புவோம்.


சத்தகம் (கிளிநொச்சி):

தம்பி, உங்கள் அம்மான் சொன்ன அதே வசனத்தை எனக்கு என் அம்மா சொன்னா. கொஞ்சம் முரட்டுத்தனமாக.

அம்மா பன்னவேலை செய்கிறவ. கடகம், சுளகு, நீத்துப்பெட்டி, பாய். நான் ஆசிரியை, படம் எடுக்கப் படித்ததில்லை. கைத்தொலைபேசியும் ஒரு முக்காலியும்தான். முதலில் நானும் முன்னால் இருந்துதான் எடுத்தேன். முகம் தெரியவேணும் என்ற ஆசை. எடுத்ததைப் பார்த்து என் மகள் நீத்துப்பெட்டி இழைக்க முயன்றாள். முழுக்க எதிர்ப்பக்கமாகப் போய்விட்டது. ஏனென்றால் முன்னால் இருந்து பார்த்தால் அவவின் இடது எங்களுக்கு வலது. பழகுகிற பிள்ளை அம்மாவின் முதுகுப் பக்கம் குந்தி, தோளுக்கு மேலால் எட்டிப் பார்த்துத்தான் பழகும். கமராவையும் அங்கே வையுங்கள். அவரது தலைக்குக் கொஞ்சம் மேலே, வலது தோளுக்குப் பின்னால், கையை நோக்கி. முகம் தெரியாது. முகத்தை வேறு ஒரு நாள் எடுக்கலாம்.

இரண்டாவது, வெட்டாதீர்கள். ஒரு ஓலையைச் சத்தகத்தால் வார்ந்து முடிப்பது எவ்வளவு நேரமோ அவ்வளவு நேரமும் ஓடட்டும். சலிப்பாக இருக்கும், இருக்கட்டும். கலியாண வீட்டில் தாலி கட்டுவது ஒரு நொடி, அதற்குத்தான் நீங்கள் மூன்று கமரா வைப்பீர்கள். இங்கே எந்த நொடி முக்கியம் என்று உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. அம்மா ஓலையை நாக்கில் ஒரு தரம் ஈரமாக்குவதை நான் சும்மா பழக்கம் என்று நினைத்து வெட்டி எறிந்துவிட்டேன். அந்த இடத்தில்தான் ஓலை வெடிக்காமல் மடியும் என்று மூன்று மாதம் கழித்துத் தெரிந்தது.

கேள்வி விசயத்துக்கு என்னிடம் ஒரு வழி இருக்கிறது. வேலை நேரத்தில் ஒன்றும் கேட்காதீர்கள். எடுத்து முடித்து, பின்னேரம் தேத்தண்ணி குடிக்கிற நேரம் அன்றைக்கு எடுத்ததை அவருக்கே போட்டுக் காட்டுங்கள். அவர் பார்த்துக்கொண்டு சொல்வதைத் தனியாக ஒலிப்பதிவு செய்யுங்கள். தன் கையைத் தானே பார்க்கும்போது வாய் தானாகத் திறக்கும். "இஞ்ச பார், இதில பிழை விட்டிட்டன்" என்று அம்மா சொன்ன இடங்கள்தான் என்னிடம் இருப்பதிலேயே நல்ல பகுதி. பிறகு அந்தக் குரலைப் படத்துக்கு மேலே வைத்துவிடலாம்.

காற்றுக்கு: மைக்கைச் சட்டைக்கு வெளியே குத்தாதீர்கள், உள்ளே, நெஞ்சோடு துணிக்கு அடியில். கொஞ்சம் மந்தமாகக் கேட்கும், ஆனால் இரைச்சல் குறையும். காலை ஏழு மணிக்கு முன் காற்று அவ்வளவு இருக்காது.

பிளாஸ்ரிக் பற்றி. இப்போது என் அம்மா பாதிக் கூடைகளைப் பிளாஸ்ரிக் நாரில்தான் பின்னுகிறா. பின்னுகிற விதம் பனையோலைக்கு உள்ளதுதான், நார் மட்டும் பிளாஸ்ரிக். அது கழுவலாம், நாள் கிடக்கும், சந்தையில் விலை போகும். நான் அதையும் எடுத்தேன். ரொறொன்ரோ அண்ணை குறை நினைக்கக்கூடாது, அந்தப் பிளாஸ்ரிக் கூடைதான் எங்கள் வீட்டுக் கறண்ட் பில் கட்டுகிறது.


பெரியகளம் (நெடுங்கேணி):

நான் கமக்காரன். படம் பற்றி ஒன்றும் தெரியாது. ஆனால் படம் எடுக்க வந்தவர்களிடம் மாட்டுப்பட்டு எனக்கு ஒரு அனுபவம் இருக்கிறது, அதைச் சொல்லலாம் என்று நினைக்கிறேன்.

ஐந்தாறு வருடத்துக்கு முன் ஒரு குழு வந்தது, பேர் வேண்டாம். மாடு விட்டுச் சூடு மிதிக்கிறதை, அதாவது கதிரை மாட்டால் மிதிப்பித்து நெல் பிரிக்கிறதை, எடுக்க வேணுமாம். எங்கள் பக்கம் இப்போது காலபோகம் என்றாலும் சிறுபோகம் என்றாலும் வெட்டு மெசின் வயலுக்குள் இறங்கும், அந்தப் பக்கத்தால் நெல் சாக்கில் வரும். களம் என்று ஒன்றே இல்லை. சரி, கேட்கிறார்களே என்று ஒரு ஏக்கரைக் கையால் வெட்டி, உப்பட்டி கட்டி, சூடு வைத்து, இரண்டு சோடி மாடு பிடித்து விட்டோம். பார்க்க வடிவாகத்தான் இருந்தது.

ஆனால் மாட்டுக்குப் பின்னால் நடக்கவிட்ட பொடியன் அவர்களோடு வந்தவன். களத்துக்குள் நின்றுகொண்டு "நெல்லு நல்லா விழுகுது" என்று கத்தினான். என் தகப்பன் உயிரோடு இருந்திருந்தால் அவனை வெளியே அனுப்பியிருப்பார். களத்தில் நெல்லை நெல் என்று சொல்வதில்லை. பொலி. அளக்கும்போதும் பொலி, கூட்டும்போதும் பொலி. மாடு, கடகம், வைக்கோல் கிளறுகிற வேலைகாரன்கம்பு என்று களத்துக்குள் புழங்குகிற எதற்கும் அங்கே தனிப் பேச்சு இருந்தது. செருப்போடு ஏற மாட்டோம். தேவையில்லாமல் வாய் திறக்க மாட்டோம். காத்து, கறுப்பு பொலியைக் கொண்டுபோய்விடும் என்ற பயம். நம்புகிறோமோ இல்லையோ, அப்படித்தான் நடந்தது. அவர்கள் மாட்டை எடுத்தார்கள், வைக்கோலை எடுத்தார்கள். அந்தப் பேச்சை எடுக்கவில்லை. அதைச் சொல்லத் தெரிந்த கிழவன் ஒருவர் வேலிக்கு வெளியே சைக்கிளோடு நின்று கடைசிவரை பார்த்துக்கொண்டு நின்றார். ஒருவரும் அவரைக் கூப்பிடவில்லை. நானும்தான்.

ஆகவே தம்பி, அம்மானிடம் எல்லாச் சாமானுக்கும் பேர் கேட்டுப் பதியுங்கள். குடத்தில் உள்ள ஒவ்வொரு துளைக்கும் பேர் இருக்கும்.

இன்னொன்று. வண்டில் அழிந்துவிட்டது என்று படத்தில் சொல்லிவிடாதீர்கள். வண்டில் பந்தயம் விடுகிற சவாரிக்காரரை மறந்துவிட்டீர்களா? மாட்டுவண்டிச் சவாரி கிளிநொச்சிப் பக்கத்திலும் எங்கள் பக்கத்திலும் இன்றைக்கும் நடக்கிறது. சவாரி வண்டில் வேறு, பாரம் குறைந்தது, சில்லும் அப்படி. ஆனாலும் சில்லு சில்லுதான். அம்மானைத் தேடி அவர்கள் வருவார்கள், விசயம் தெரிந்தால்.


வீடியோக்கடை (புதுக்குடியிருப்பு):

எல்லோருக்கும் நன்றி. சத்தகம் அக்கா சொன்னபடி தோளுக்குப் பின்னால் வைத்தேன். முதல் அரை மணித்தியாலம் அம்மான் திரும்பித் திரும்பிப் பார்த்தார், பிறகு மறந்துவிட்டார். பின்னேரம் போட்டுக் காட்டினால் ஆள் நிறுத்தவே இல்லை, ஒரு மணித்தியாலம் பத்து நிமிடம். அதில் பாதி என் தாத்தாவுக்கு, அதாவது தன் தகப்பனுக்கு, ஏச்சு. துளையைச் சரிவாக அடிக்கப் பழக்கினது அவர், பழக்கின விதம் கன்னத்தில் அறை.

பெரியகளம் அண்ணை, பேர் கேட்டேன். இருபத்திமூன்று சொல் வந்திருக்கிறது. அதில் ஒன்பதை அம்மாவுக்கே தெரியாது.

ரொறொன்ரோ அண்ணை, உங்கள் மனம் விளங்குகிறது. ஆனால் ட்ரோன் வேண்டாம் என்று விட்டுவிட்டேன். சிவில் விமானப் போக்குவரத்து அதிகார சபையில் பதிவு, பாதுகாப்பு அமைச்சின் அனுமதி என்று எல்லாம் எடுத்து முடிக்க ஆவணி வந்துவிடும். எடுக்காமல் ஏற்றினால் கேள்வி கேட்க ஆள் வரும், அம்மானின் வாசலுக்கு வரும். வேட்டி விசயத்தில்தான் இன்னும் மாமியோடு இழுபறி.


பழைய கசற் (யாழ்ப்பாணம்):

நான் பழைய ஒலிநாடா, வீஎச்எஸ் நாடாக்களைக் கணினிக்கு மாற்றிக் கொடுக்கிறவன். ஆகையால் பத்து, இருபது வருடத்துக்குப் பிறகு என்ன நடக்கும் என்ற பக்கத்தில் இருந்துதான் எனக்குச் சொல்லத் தெரியும்.

முதலில் அந்த வேட்டி. இது உங்கள் மாமியின் பிரச்சினை மட்டுமில்லை, ஆவணப்படம் பிறந்த நாளிலிருந்து உள்ள பிரச்சினை. 1922 இல் ரொபேர்ட் ஃபிளாஹர்ட்டி வட கனடாவில் இனுயிட் ஆட்கள் சிலரை வைத்து "நானூக்" எடுத்தார். பனிவீட்டுக்குள் கமராவுக்கு வெளிச்சம் போதவில்லை, ஆகவே பாதி வெட்டின பனிவீடு ஒன்றைக் கட்டுவித்து அதற்குள் அவர்களைப் படுக்க வைத்தார். அந்த மனிதர்கள் அப்போதே துவக்கு வைத்திருந்தார்கள். படத்துக்காகப் பழைய ஈட்டியால் வேட்டையாடினார்கள். பார்த்தவர்களுக்கு இது தெரியாது. இன்றைக்கும் அந்தப் படத்தைப் பற்றிக் கதைக்கிறவர்கள் வேட்டையைவிட அந்த ஈட்டியைப் பற்றித்தான் கூடக் கதைக்கிறார்கள்.

அதற்காகச் செய்து காட்டச் சொல்லவே கூடாது என்று நான் சொல்லமாட்டேன். நெடுங்கேணி அண்ணையின் சூடு மிதிப்பை வேறு எப்படி எடுப்பது? செய்து காட்டச் சொல்லுங்கள், ஆனால் இது இன்ன ஆண்டு, கேட்டதற்காகச் செய்து காட்டியது, கடைசியாக உண்மையில் நடந்தது இன்ன ஆண்டு என்று படத்திலேயே ஒருவர் வாயால் சொல்லிவிடுங்கள். உங்கள் கதையில் அது இன்னும் சுலபம்: மதிலில் வைக்கக் கேட்டார்கள், அம்மான் ஓடுகிற சோடிதான் செய்வேன் என்றார். அதைவிட நல்ல தொடக்கம் ஒரு படத்துக்கு என்ன வேணும்?

அளவு. எதை எடுத்தாலும் பக்கத்தில் ஒரு அடிமட்டமோ அளவுநாடாவோ கிடக்கட்டும். "ஒரு சாண்", "இரண்டு விரல்" என்று சொல்வார். யாருடைய விரல்? அந்த விரலையே அளவுநாடாவுக்குப் பக்கத்தில் வைத்து ஒரு தரம் எடுத்துவிடுங்கள்.

பாதுகாப்பு. 50 மெகாபிட் வேகத்தில் எடுத்தால் ஒரு மணித்தியாலத்துக்கு ஏறக்குறைய 22 ஜீபி. நீங்கள் வெட்டாமல் எடுப்பதானால் ஒரு ரெராபைற் வன்தட்டு நாற்பத்தைந்து மணித்தியாலத்தோடு நிரம்பும். இரண்டு வன்தட்டு வாங்குங்கள், ஒரே வீட்டில் வைக்காதீர்கள். ஒன்று புதுக்குடியிருப்பில் என்றால் மற்றது வவுனியாவிலோ யாழ்ப்பாணத்திலோ. 1981 இல் யாழ்ப்பாண நூலகம் எரிந்ததையும், 2009 இல் அல்பங்களையும் கசற்றுகளையும் பதுங்குகுழியில் விட்டு வந்ததையும் கண்ட சனத்துக்கு இதை நான் விளக்கத் தேவையில்லை. மூன்றாவது பிரதிக்கு நூலகம் நிறுவனத்தோடு கதைத்துப் பாருங்கள். 2005 இலிருந்து எங்கள் நூல்களையும் பத்திரிகைகளையும் எண்ணிமமாக்கி வருகிறார்கள்; படம், ஒலி, காணொளி சேர்க்க ஆவணகம் என்று தனித்தளம் வைத்திருக்கிறார்கள். யூரியூப்பில் போடுவது வேறு, பாதுகாத்து வைப்பது வேறு. வெட்டி ஒட்டின படத்தை மட்டும் கொடுக்காமல் வெட்டாத பதிவையும், அந்த இருபத்திமூன்று சொல்லையும் சேர்த்துக் கொடுங்கள்.

அரசு கவனித்துக்கொள்ளும் என்று இருக்க வேண்டாம். யுனெஸ்கோவின் மரபுப் பட்டியலில் இலங்கையிலிருந்து 2018 இல் நூல்பொம்மலாட்டமும் 2021 இல் தும்பறைப் பாய் நெசவும் ஏறின. நல்ல விசயம், சந்தோசம். அப்படி ஒன்றைச் சேர்க்க வேண்டுமென்றாலும் காணொளியும் சனத்தின் சம்மதமும் முதலில் கையில் இருக்கவேணும். யாரோ ஒருவர் பட்டறையில் முக்காலியோடு நிற்காமல் அது வராது.

சம்மதம் என்றதும் ஞாபகம் வந்தது. அம்மானிடம் கேட்டீர்களா, எதை வெளியில் விடலாம், எதை விடக்கூடாது என்று? ஒரு தாளில் எழுதி வாசித்துக் காட்டி ஒப்பம் வாங்குங்கள். மருமகன்தானே என்று விடாதீர்கள்.


வீடியோக்கடை (புதுக்குடியிருப்பு):

மூன்று கிழமை கழித்து எழுதுகிறேன். முதல் சில்லுக்கு வளையம் போட்டாயிற்று.

ஒப்பம் வாங்கப் போனேன். வாசித்துக் காட்டினேன். எல்லாம் விடலாம், ஆனால் 2009 ஐப் பற்றித் தேத்தண்ணி நேரத்தில் கதைத்த பகுதியை வைத்திருக்கலாம், காட்டவேண்டாம் என்றார். தாளில் அதைச் சேர்த்து எழுதினேன். கசற் அண்ணைக்கு நன்றி, கேட்காமல் விட்டிருந்தால் நான் அதைத்தான் முதலில் போட்டிருப்பேன்.

வேட்டிப் பிரச்சினை தானாகத் தீர்ந்தது. அன்றைக்கு மாமி கட்டிவிட்ட வெள்ளை வேட்டியில் வாச்சி பட்டுக் கிழிந்தது. அதற்குப் பிறகு சாரம்தான். பீப்பாவும் வெளியே வந்துவிட்டது, ஏனென்றால் வளையத்தைக் குளிர்விக்க அதிலிருந்துதான் தண்ணீர் அள்ள வேணும்.

வளையத்தைச் சந்தியில் உள்ள வெல்டிங் கடையில் ஒட்டுவித்தோம். முந்திக் கொல்லன் உலையில் துருத்தி ஊதிக் காய்ச்சி, சம்மட்டியால் அடித்துத்தான் ஒட்டுவார்களாம். அதைச் செய்து காட்ட ஆள் தேடட்டோ என்று கேட்டேன். "என்னத்துக்கு? இது முந்தி இருந்தால் நாங்களும் இதைத்தான் செய்திருப்பம்" என்றார். அதையும் எடுத்து வைத்திருக்கிறேன்.

வளைய அளவு பற்றி ஒரு கதை. சில்லைச் சுற்றி நூல் பிடித்து, அந்த நூலில் ஒன்றரை விரல் குறைத்துத்தான் வளையம். குறைவு கூடினால் வளையம் ஏறாது, அல்லது ஆரக்காலை நெரித்து வளைக்கும். குறைந்தால் மாரி முடிந்து மரம் காய்கிற நேரம் கழன்றுவிடும். அவருடைய விரலை அளவுநாடாவோடு வைத்து எடுத்தேன்: ஒன்றரை விரல் என்றால் ஒரு அங்குலமும் ஒரு நூலும் (அங்குலத்தில் எட்டிலொரு பங்கு). வெல்டிங் கடைப் பொடியன் தன் விரலை வைத்துப் பார்த்தான், அவனுடையது ஒன்றேகால் அங்குலம். கசற் அண்ணை, யாருடைய விரல் என்று நீங்கள் கேட்டது சரிதான்.

அதிகாலை ஐந்தரைக்குத் தொடங்கினோம், காற்றுக்கு முன். தென்னம் பொச்சும் காய்ந்த வரட்டியும் விறகும் வட்டமாக அடுக்கி, நடுவில் வளையம். பழுத்ததும் மூன்று பேர் குறட்டால் தூக்கி வந்து சில்லில் போட்டார்கள். மரம் குப்பென்று பற்றியது. தண்ணீர் ஊற்ற ஆவி கிளம்பி என் கமராவில் வெள்ளையைத் தவிர ஒன்றுமில்லை. தோளுக்குப் பின்னால், உயரத்தில், சரியாக ஆவி போகிற திசையில் வைத்திருக்கிறேன். பன்னிரண்டு வருடத் தொழில், காற்றுத் திசை பார்க்கத் தெரியவில்லை. ஆனால் அம்மானின் நெஞ்சில் குத்தியிருந்த மைக் எல்லாவற்றையும் பிடித்திருந்தது. வளையம் இறுகும்போது ஒவ்வொரு பொருத்தும் "முறுக்... முறுக்..." என்று துளைவாய்க்குள் போகிற சத்தம், பன்னிரண்டும் ஒன்றன்பின் ஒன்றாக. அவர் குனிந்து எண்ணுகிறார். பதினொன்றில் நிறுத்தி, "ஒண்டு வரேல்ல" என்று ஒரு பக்கத்துக்குத் தண்ணீர் கேட்கிறார். பிறகு அதுவும் வருகிறது. படம் இல்லை, அந்தச் சத்தம் மட்டும் இருக்கிறது. நான் அதை வெள்ளைத் திரையோடு அப்படியே விடப்போகிறேன்.

பின்னேரம் போட்டுக் காட்டினேன். வெள்ளையைப் பார்த்துக்கொண்டு முழுக்கக் கேட்டார். "இது பரவாயில்ல" என்றார். பிறகு, "அடுத்த சில்லுக்குக் கமராப்பெட்டியை மாமி நிக்கிற பக்கம் வை. புகை அங்கால போகாது."

இரண்டாவதற்கு வட்டை வெட்டுகிற வேலை நடக்கிறது. மதிலுக்குக் கேட்டவரிடம் சோடியாகத்தான் தருவோம் என்று சொல்லியாயிற்று, ஒன்றை மதிலின் அந்தப் பக்கமும் மற்றதை இந்தப் பக்கமும் வைக்கிறாராம். ஆனால் கொடுப்பதற்கு முன் ஒரு நாள் உண்மையாக ஓட்டிப் பார்க்காமல் தரமாட்டேன் என்று அம்மான் நிற்கிறார். ஆகவே ஒரு உதவி. ஒட்டுசுட்டான், முத்தையன்கட்டு, நெடுங்கேணிப் பக்கத்தில் பழைய பாரவண்டில் அச்சு யாரிடமாவது கிடக்கிறதா? ஒரு நாளைக்கு இரவலாகப் போதும். மாடும் வேணும், ஒரு சோடி, நிதானமாக நடக்கக்கூடியது. பெரியகளம் அண்ணை, சவாரி மாடு வேண்டாம், அம்மானும் மேலே ஏறி இருப்பேன் என்கிறார்.